மேல் போர்ஷன் திருமுருகனுக்கு ஒரு பூசை

திருமுருகன் வாடகை தருவதை நிறுத்திய அதே மாதம் நானும் வேலைக்குப் போவதை நிறுத்தினேன். அம்மா இரண்டையும் ஒரே குற்றமாகத்தான் பார்த்தாள்.

எங்கள் வீடு கள்ளிக்குப்பத்தில் இருக்கிறது. கீழே நானும் அம்மாவும். மேலே ஒரே ஒரு படுக்கையறை கொண்ட போர்ஷன், தெருப்பக்கம் கம்பி போட்ட சின்ன பால்கனி. அப்பா ஓய்வு பெற்றபோது தொழிற்சாலையில் கொடுத்த பணம் முழுவதையும் போட்டு அதைக் கட்டினார். கட்டி முடித்த வருடமே இறந்துபோனார். அந்த வாடகையில்தான் எங்கள் அரிசியும் கரண்ட் பில்லும் அம்மாவின் சர்க்கரை மாத்திரையும். என் சம்பளம் நின்ற பிறகு நம்புவதற்கு அது மட்டும்தான், அதுவும் வரவில்லை.

திருமுருகன் தேனிப் பக்கத்து ஆள். அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் நைட் ஷிப்ட். நான் வேறொரு கம்பெனியில் நைட் ஷிப்ட். காலையில் எங்கள் இருவரின் கம்பெனி வண்டிகளும் தெருமுனையில் முன்னும் பின்னுமாக வந்து நிற்கும். இரவெல்லாம் யாருடைய கிரெடிட் கார்டைப் பற்றியோ பேசிவிட்டு வருகிறவனுக்கு விடிந்த பிறகு பேச்சு வராது. அவன் ஒரு விரலைத் தூக்குவான், நானும் தூக்குவேன். எங்கள் பழக்கம் அவ்வளவுதான். அவனுடைய மனைவி தீபிகா பிரசவத்துக்கு ஊருக்குப் போனவள் திரும்பி வரவில்லை. குழந்தை தங்கவில்லை என்று அம்மா தெருவில் கேள்விப்பட்டு வந்து சொன்னாள்.

அதன் பிறகு அவனுக்கு வேலையும் போனது. யாரும் சொல்லி எனக்குத் தெரியவில்லை. கம்பெனி வண்டி வருவது நின்றுவிட்டது. ஆனாலும் தினமும் சாயங்காலம் கம்பெனி கொடுத்த சாம்பல் நிற டி-ஷர்ட்டை இஸ்திரி மடிப்புக் கலையாமல் போட்டுக்கொண்டு, கழுத்தில் அடையாள அட்டையோடு படியிறங்கி அன்னனூர்ப் பக்கம் நடந்து போவான். காலையில் திரும்பி வருவான். இரவு முழுக்க எங்கே உட்கார்ந்திருந்தான் என்று நான் கேட்டதில்லை.

மூன்று மாதம் அம்மா பொறுத்தாள். மே மாதத்தில் ஒரு நாள் மொட்டை மாடிக்குப் போய், டேங்கிலிருந்து மேல் போர்ஷனுக்கு இறங்கும் குழாயின் வால்வை மூடிவிட்டு வந்தாள். இந்தப் பக்கங்களில் வாடகை வராவிட்டால் வீட்டுக்காரர்கள் முதலில் செய்வது அதுதான்.

"தப்புமா அது," என்றேன்.

"வாட்கை குடுக்காம குந்திகினு கீறது தப்பில்லியா? தண்ணி இல்லைன்னா தானா எறங்கி வந்து பேசுவான் பாரு."

அவன் இறங்கி வரவில்லை. ஆனால் மேலே சத்தம் கேட்டது. பகலில், மூன்று மணி வாக்கில், நாங்கள் சாப்பிட்டுவிட்டுப் படுத்திருக்கும் நேரம். பிளாஸ்டிக் பக்கெட்டைக் குளியலறைத் தரையில் இழுத்து வைக்கும் சத்தம். பிறகு குழாயைத் திருகும் சத்தம். அந்தக் குழாய் கிறீச்சென்று கத்தும், அப்பா இருந்தபோதே அப்படித்தான். பிறகு ஒன்றும் இல்லை. கொஞ்ச நேரம் கழித்துக் குழாயை மூடும் சத்தம்.

"தெறந்து தெறந்து பாக்கறான். பாக்கட்டும்," என்று அம்மா திரும்பிப் படுத்துக்கொள்வாள். அதில் அவளுக்கு ஒரு திருப்தி இருந்தது. சத்தத்தைக் கேட்டு, மேலே ஆள் இருக்கிறான் என்று நாங்கள் நிச்சயமாக நம்பினோம். ஆனால் ஜூன் மாதத்துக்குப் பிறகு அவன் படியில் இறங்கியோ ஏறியோ நான் பார்க்கவில்லை. வேலையை விட்ட பிறகு எனக்குப் பகலும் ராத்திரியும் ஒன்றுக்குள் ஒன்று கலந்துவிட்டதால், நான் தூங்கும் நேரத்தில் போய்வருகிறான் என்று நினைத்துக்கொண்டேன்.

வக்கீல் அருள்தாஸ் எங்கள் சர்ச்சுக்கு, பங்குக் கோயிலுக்கு, வருகிறவர். அம்மாவை அக்கா என்று கூப்பிடுவார். வாடகை ஒப்பந்தத்தை முறையாகப் பதிவு செய்து கொடுத்தவரும் அவர்தான்.

"பழைய வாடகைச் சட்டமா இருந்தா, அக்கா, உங்க பேரன்தான் வந்து சாவி வாங்குவான். இப்ப புதுச் சட்டம். ரெண்டு மாசம் வாடகை பாக்கி வெச்சு, நோட்டீஸ் குடுத்தும் கட்டலைன்னா காலி பண்ணச் சொல்லிக் கேக்கலாம். ஒப்பந்தம் கையில இருக்கு. மடமடன்னு முடிச்சிடலாம்."

"தண்ணிய நிறுத்திட்டேன் அருளு."

அருள்தாஸ் கண்ணாடியைக் கழற்றினார். "அத நான் கேக்கல. நீங்க சொல்லவும் இல்ல. சட்டத்துல அதுக்குத் தனியா ஒரு பிரிவு இருக்கு. இனிமே யார்கிட்டயும் வாயத் தொறக்காதீங்க."

மனு போட்டார். ஆகஸ்டில் கோர்ட் அமீனா சம்மன் எடுத்துக்கொண்டு வந்தார். இருதயராஜ் என்று பேர், பெருத்த உடம்பு, அக்குளில் ஒரு ரெக்சின் பை. மேலே போய்க் கதவைத் தட்டித் தட்டிப் பார்த்துவிட்டு, மூச்சு வாங்க இறங்கி வந்து தெருவில் என் பக்கத்தில் நின்று முகத்தைத் துடைத்தார். மத்தியான வெயில். தெருவில் நாய்கூட இல்லை.

"யார்பா அது?" என்றார்.

நிமிர்ந்து பார்த்தேன். பால்கனிக் கம்பிக்குப் பின்னால் திருமுருகன் நின்றான். அதே சாம்பல் டி-ஷர்ட். இடது தோளிலிருந்து இடுப்பு வரைக்கும் கிழிந்து தொங்கியது. மாற்றிக்கொள்ள வேறு சட்டையே இல்லையா இவனுக்கு என்று நினைத்தேன். இரண்டு கையிலும் பக்கெட்டைப் பிடித்திருந்தான்.

"யோவ், திருமுருகன்றது நீதானா? கோர்ட் சம்மன் வந்துகீது. எறங்கி வந்து கையெழுத்துப் போடு."

அவன் பக்கெட்டைச் சாய்த்துக் காட்டினான். பிறகு அப்படியே தலைகீழாகக் கவிழ்த்தான். ஒரு சொட்டு விழவில்லை.

"இன்னாபா இது, வாங்க மாட்டேன்றானா?"

"அப்படித்தான் போல."

"ஆளு அவன்தானே? நல்லா பாத்துச் சொல்லு. எனக்கு அவன் மூஞ்சி தெரியாது."

"அவன்தான்."

இருதயராஜ் பேனாவைத் தேடி எடுத்து நிமிர்ந்தபோது பால்கனியில் யாரும் இல்லை. அவன் திரும்பி உள்ளே போனதை நான் பார்க்கவில்லை. வாங்க மறுத்தார் என்று எழுதி, ஒரு நகலை மேல் கதவில் ஒட்டிவிட்டு, அடையாளம் காட்டியவன் என்று என்னிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். திருமுருகன் கோர்ட்டுக்கு வரவில்லை. வராதவனை விட்டுவிட்டு, அக்டோபரில் அம்மா பக்கம் உத்தரவு ஆனது.

சந்தோஷப்பட வேண்டியவள் அம்மா. ஆனால் அவளுக்கு மத்தியானத் தூக்கம் போய்விட்டிருந்தது. மூன்று மணி ஆனால் எழுந்து உட்கார்ந்துகொள்வாள். மேலே பக்கெட் இழுபடும். கிறீச்சென்று குழாய் திறக்கும். அம்மா கையில் ஜெபமாலையை வைத்துக்கொண்டு மேலே பார்த்துக்கொண்டிருப்பாள்.

ஒரு நாள் கேட்டாள். "ஜஸ்டி, மே மாசம் மூடினேன் வால்வை. இது இன்னா மாசம்?"

"அக்டோபர்."

"தண்ணி இல்லாம ஒரு மனுசன் எத்தினி நாள்டா இருப்பான்?"

"கேன் வாங்கிப்பான்."

"கேன் தூக்கிகினு போறத நீ பாத்தியா?"

 அன்றே அவள் மொட்டை மாடிக்குப் போய் வால்வைத் திறந்திருக்கலாம். போகவில்லை. மேலே ஏறப் பயந்தாள் என்று எனக்குத் தெரியும், எனக்கும் அந்தப் படியில் ஏறப் பிடிக்கவில்லை.

நவம்பர் எங்களுக்கு ஆன்மாக்களின் மாதம். கல்லறைக்குப் போய்ச் சுத்தம் செய்து பூ வைப்பது ஒரு பக்கம். இறந்தவர்கள் பெயரில் பூசைக்குக் கருத்துக் கொடுப்பது இன்னொரு பக்கம். கோயில் அலுவலகத்தில் காணிக்கை கொடுத்துப் பெயரைச் சொல்லிவிட்டால், அந்தப் பூசை அவர்களுடைய ஆன்மாவுக்காக ஒப்புக்கொடுக்கப்படும். தொடங்குவதற்கு முன்னால் பெயரை மைக்கில் வாசிப்பார்கள். அந்த ஞாயிற்றுக்கிழமை காலைப் பூசையில் வாசித்தது ஹில்டா டீச்சர். வார்த்தை ஒவ்வொன்றையும் மென்று நிறுத்தி வாசிப்பவர்.

"இன்றைய திருப்பலியின் கருத்துகள். ஞானசேகரன் ஆன்ம இளைப்பாற்றிக்காக. கருத்துக் கொடுப்பவர், மனைவி ராஜகுமாரி, மகன் ஜஸ்டின்."

அப்பாவின் பெயர். நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

"திருமுருகன் ஆன்ம இளைப்பாற்றிக்காக. கருத்துக் கொடுப்பவர், ராஜகுமாரி, கள்ளிக்குப்பம்."

எங்கள் கோயிலில் சூசை உண்டு, சவரிமுத்து உண்டு, டேனி உண்டு. திருமுருகன் கிடையாது. முன்வரிசைகளில் சில தலைகள் திரும்பின. இரண்டாவது வரிசையில் உட்கார்ந்திருந்த வக்கீல் அருள்தாஸ் திரும்பிய விதத்தை நான் மறக்க மாட்டேன். உடம்பு அப்படியே இருந்தது, கழுத்து மட்டும் மெதுவாகச் சுற்றி வந்து அம்மாவின் மேல் நின்றது. அம்மா முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டாள்.

பூசை முடிந்ததும் அருள்தாஸ் சைக்கிள் ஸ்டாண்டு பக்கம் எங்களைத் தள்ளிக்கொண்டு போனார்.

"இன்னாக்கா பண்ணி வெச்சிருக்கீங்க? உயிரோட கீறவனுக்கு ஆன்ம இளைப்பாற்றிப் பூசை வெச்சா அது சூனியம். செத்தவனுக்கு வெச்சிருந்தா நம்ம கேஸ் செத்துது. இது எது?"

"எனக்கு இன்னா தெரியும்? மேல கீறது இன்னான்னு ஆண்டவருக்குத்தான் தெரியும். ரெண்டுக்கும் பொதுவா இருக்கட்டும்னு குடுத்தேன்."

"ரெண்டுக்கும் பொதுவா!" அருள்தாஸ் வானத்தைப் பார்த்தார். "கோர்ட்டுல இன்னா சொன்னீங்க? எதிர்மனுதாரர் வீட்லதான் கீறாரு, வாடகை தர மாட்டேன்றாரு, சம்மன் வாங்க மாட்டேன்றாரு. சத்தியம் பண்ணிருக்கீங்க. இப்ப ஊரே கேக்க மைக்குல இன்னா சொல்றீங்க?"

"மைக்குல சொன்னது ஹில்டா."

"ஐயோ அக்கா." அவர் குரலைத் தாழ்த்தினார். "இதோ பாருங்க. சம்மன் குடுத்த அன்னிக்கு அந்த ஆளு உயிரோட இல்லைன்னா, வாங்கின உத்தரவு வெத்துப் பேப்பர். பொண்டாட்டி பேர்ல மறுபடி மொதல்லேர்ந்து போடணும். வருஷக்கணக்கு ஆவும். அதுவரைக்கும் வாடகையும் இல்ல, வூடும் இல்ல. புரியுதா?" என் பக்கம் திரும்பினார். "நீ பாத்த இல்ல?"

"பார்த்தேன்."

"அப்ப முடிஞ்சுது. அந்தப் பூசை வேற ஒரு திருமுருகனுக்கு. உங்க தெருவுல பால் போட்டவன்."

"பால் போடறவன் பேரு கோவிந்து. நல்லாத்தான் கீறான்," என்றாள் அம்மா.

அருள்தாஸ் அதற்குச் சிரிக்கவில்லை. அவருக்கு உள்ளே பயம் பிடித்துக்கொண்டது. நாளைக்கு யாராவது கேட்டால் நாங்கள் மறைக்கவில்லை என்று காட்ட வேண்டும் என்பதற்காக, உத்தரவின் நகலை, அதை நிறைவேற்றப் போகிற விவரத்தோடு, வாடகை ஒப்பந்தத்தில் இருந்த திருமுருகனின் ஊர் விலாசத்துக்கும் ஒரு பதிவுத் தபாலில் அனுப்பி வைத்தார். அம்மா அந்தப் பூசையை வைக்காமல் இருந்திருந்தால் அந்தத் தபால் போயிருக்காது.

பொங்கல் கழிந்து ஒரு வேலை நாளில், காலை வெயில் ஏறும் நேரத்துக்கு இருதயராஜ் வந்தார். பூட்டை உடைக்க யூசுப் பாயையும் கூட்டிவந்திருந்தார். அருள்தாஸ் கோர்ட் கோட்டைக் கையில் மடித்துப் போட்டிருந்தார். மேலே ஏறினோம். சம்மன் ஒட்டிய பசையின் மேல் காகிதத்தின் ஓரம் மட்டும் மிச்சமிருந்தது. இருதயராஜ் மூன்று முறை பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்.

"உள்ள ஆளு இருந்து உன் மேல பாய்ஞ்சா இன்னா பண்ணுவ பாய்?" என்றார் யூசுப்பிடம்.

"நீ முன்னாடி நில்லு அண்ணாத்தே. உன்னத் தாண்டி எவனும் வர முடியாது." யூசுப் கதவோடு பதித்த பூட்டில் டிரில்லைச் சொருகினார்.

பூட்டைப் பாதி துளைத்திருந்தபோது தெருவில் ஆட்டோ வந்து நின்றது. ஒரு பெண் இறங்கினாள். தோளில் ஒரு பை, கையில் ஒரு பழுப்புக் கவர். நேராகப் படியேறி வந்தாள். இரண்டு வருடத்தில் பாதியாக இளைத்திருந்ததால் எனக்கு அடையாளம் தெரியவில்லை.

"நான் அவரோட வைஃப். தீபிகா," என்றாள். "அவர் உள்ள இருக்காரா?"

 டிரில் நின்றது.

"இதுல போட்டிருக்கு." அருள்தாஸ் அனுப்பிய நகலைக் கவரிலிருந்து எடுத்து விரித்தாள். பலமுறை மடித்துப் பிரித்து அதன் மடிப்புகள் நைந்திருந்தன. "ஆகஸ்ட் மாசம் சம்மன் வாங்க மறுத்தாருன்னு கோர்ட்டே சொல்லுது. அப்ப ஆகஸ்ட்ல இங்க இருந்திருக்காரு. இல்லையா சார்?"

"ஆமாம்மா," என்றார் அருள்தாஸ், கொஞ்சம் வேகமாகவே. "இருந்தாரு."

அவள் சிரித்தாள். அந்தச் சிரிப்பைப் பார்க்க எனக்கு ஒரு மாதிரி இருந்தது. "அவர் இருக்காருன்னு நான் எங்க அப்பாகிட்ட சொன்னேன். யாரும் நம்பல. ஜூன்ல ரயில்வே போலீஸ் போன் பண்ணாங்க. அன்னனூர்ப் பக்கம் தண்டவாளத்துல ஒருத்தர். பையில எதுவும் இல்லையாம், கழுத்துல வெறும் கம்பெனிக் கயிறு, கார்டு இல்ல. கம்பெனில விசாரிச்சு என் நம்பர் வாங்கிருக்காங்க. போட்டோ காட்டினாங்க. முகம் தெரியல. நான் இல்லைன்னு சொல்லிட்டேன். சட்டையெல்லாம் கிழிஞ்சு கிடந்தது சார். எங்க வீட்டுக்காரர் இஸ்திரி போடாம வாசல் தாண்ட மாட்டார். அவங்களே எங்கயோ புதைச்சுட்டாங்க."

அம்மா சுவரைப் பிடித்துக்கொண்டாள்.

இருதயராஜ் யூசுப்பைப் பார்த்துத் தலையசைத்தார். பூட்டு விழுந்தது. கதவு திறந்தது.

உள்ளே நாற்றம் இல்லை. நாற்றத்தைத்தான் நான் எதிர்பார்த்திருந்தேன். புழுக்கமான காகித வாசனை மட்டும். தரை முழுக்கத் தூசி ஒரே சீராக, மாவு தூவியதுபோலப் படிந்திருந்தது. அதில் ஒரு கால்தடம் இல்லை. நாங்கள் நடந்த இடத்தில்தான் முதல்முறையாகத் தடம் விழுந்தது. இஸ்திரிப் பெட்டி மேசை மேல் நிமிர்ந்து நின்றது. குளியலறையில் பக்கெட் குழாய்க்கு நேர் கீழே இருந்தது. அதன் வாயிலிருந்து குழாய் மூக்கு வரைக்கும் சிலந்தி வலை.

நான் பால்கனிக் கதவுக்குப் போனேன். உள்பக்கம் தாழ்ப்பாள் போட்டிருந்தது. தாழ்ப்பாளின் மேலேயே குளவி கூடு கட்டியிருந்தது, கல்லாகக் காய்ந்த மண் கூடு. அதை உடைக்காமல் தாழ்ப்பாளை இழுக்க முடியாது. குளவிகள் வளர்ந்து வெளியேறிய ஓட்டைகள்கூடப் பழசாகிவிட்டிருந்தன. என் பின்னால் இருதயராஜ் வந்து நின்றார். அவரும் அதைப் பார்த்தார். அவருடைய மூச்சு என் பிடரியில் பட்டது. கூடத்துக்குத் திரும்பிப் போனார்.

"அவர் சாமானெல்லாம் அப்படியே இருக்கு," தீபிகா சொல்லிக்கொண்டிருந்தாள். "வேற வேலை தேடிப் போயிருப்பாரு. திரும்பி வருவாரு. நீங்க காலி பண்ணிக்கங்க, பரவால்ல, சாமான நான் எடுத்துக்கறேன். அவர் இருக்காருன்னு தெரிஞ்சா போதும்."

அருள்தாஸின் முகத்தில் ரத்தம் திரும்பி வந்தது. "நல்ல பொண்ணு. இருதயராஜு, வீட்ட சுவாதீனம் எடுத்ததா எழுதிடலாமா?"

இருதயராஜ் பையைத் திறக்காமல் நின்றார். "அம்மா, ஒரு வார்த்த. உன் வூட்டுக்காரரு உயிரோட கீறாருன்னு நீ சொன்னா நான் எழுதிகினு போயிடுவேன். இல்லைன்னு சொன்னா இந்த வாரண்ட நான் அப்பிடியே திருப்பித்தான் குடுக்கணும். நீதான் சொல்லணும்."

"ஆகஸ்ட்ல பார்த்திருக்காங்களே." தீபிகா எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தாள். "யார் பார்த்தது?"

"நான்தான்," என்றேன்.

அவள் என் முன்னால் வந்து நின்றாள். "எப்படி இருந்தாரு?"

நல்லா இருந்தாரு என்று சொன்னால் முடிந்தது. அதற்கு மேல் யாரும் ஒன்றும் கேட்கப்போவதில்லை. மேல் போர்ஷன் எங்களுக்கு, அடுத்த மாதமே வேறு ஆள் வருவான். இவள் ஊருக்குப் போய் அந்த நைந்த காகிதத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். பத்து வருடம், இருபது வருடம். கதவு தட்டும் ஒவ்வொரு முறையும் எழுந்து போவாள். அம்மா என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அருள்தாஸும்.

"சாம்பல் கலர் டி-ஷர்ட் போட்டிருந்தாரு," என்றேன். "கம்பெனி டி-ஷர்ட். இடது தோள்லேர்ந்து இடுப்பு வரைக்கும் கிழிஞ்சு தொங்கிச்சு."

"டேய்," என்றாள் அம்மா.

"காலர் பக்கம் கிழியல. தோள்ல ஆரம்பிச்சு, சட்டைக் கை தனியாத் தொங்கிச்சு."

தீபிகாவின் கை கவருக்குள் போனது. ஒரு போட்டோவை எடுத்தாள். எனக்குக் காட்டவில்லை. தான் மட்டும் பார்த்தாள். நெடுநேரம் பார்த்தாள். அவள் உதடு அசைந்தது, எதையோ எண்ணுவதுபோல. ஜூன், ஜூலை, ஆகஸ்ட் என்றுதான் இருக்கும்.

"கையில என்ன வெச்சிருந்தாரு?" என்றாள். அவள் ஏன் அதைக் கேட்டாள் என்று எனக்கு இன்றுவரைக்கும் தெரியாது.

"ஜஸ்டின், போதும்," என்றார் அருள்தாஸ்.

"பக்கெட். காலி பக்கெட். கவுத்துக் காமிச்சாரு."

"ஏன்?"

"நாங்க தண்ணிய நிறுத்திட்டோம். மே மாசம்."

யூசுப் வாயில் வைத்திருந்த ஸ்குரூவை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். இருதயராஜ் நாற்காலியைத் தேடி, இல்லாததால் தூசித் தரையிலேயே உட்கார்ந்தார். "பக்கெட்டு நானும்தான் பாத்தேன்," என்றார், யாரையும் பார்க்காமல். "வாங்க மாட்டேன்றான்னு நெனச்சேன்."

அம்மா அழவில்லை. "அவரு எறங்கி வந்து பேசட்டும்னுதான் மூடினேன்," என்றாள் தீபிகாவிடம். "வந்திருந்தா தெறந்து வுட்டிருப்பேன்."

தீபிகா அவளைப் பார்க்கவே இல்லை. போட்டோவை இருதயராஜிடம் நீட்டினாள்.

"எழுதிக்குங்க."

"இன்னான்னும்மா?"

"இறந்துட்டாருன்னு. தேதி பின்னாடி இருக்கு. நான் போலீஸ்லயும் போய்ச் சொல்லிடறேன்."

இருதயராஜ் எழுதினார்.  எதிர்மனுதாரர் சம்மனுக்கு முன்பே இறந்துபோனதாக மனைவி தெரிவிப்பதால் வாரண்ட் நிறைவேற்றப்படாமல் திருப்பப்படுகிறது. படித்துக் காட்டினார். அருள்தாஸ் ஜன்னல் பக்கம் போய்த் திரும்பி நின்றுகொண்டார். யூசுப் புதுப் பூட்டை மாட்டிவிட்டுச் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு விழித்தார்.

"இத இப்ப யாருக்குத் தர்றது?"

"அந்தம்மாவுக்குத்தான்," என்றார் இருதயராஜ். "குடித்தனம் இன்னும் அவங்களுதுதான்."

அவள் சாவியை வாங்கிக்கொண்டாள்.

வக்கீல் கடைசியில் வக்கீல்தான். அருள்தாஸ் தொண்டையைச் செருமிக்கொண்டு வந்தார். "தீபிகா, தப்பா எடுத்துக்காத. புது மனு உன் பேர்ல போட்டாகணும். வேற வழியில்ல. நீ எந்த விலாசத்துல இருப்ப? ஊர் விலாசமே போடட்டுமா?"

"ஊர்ல வேண்டாம் சார். இதே விலாசம் போடுங்க."

"இங்கயா?"

"இங்கதான் இருக்கப்போறேன்."

"வாட்கை?" என்றாள் அம்மா. அந்த நேரத்திலும் அவளால் கேட்காமல் இருக்க முடியவில்லை. அதற்காக நான் அவளைக் குறை சொல்லமாட்டேன். மாத்திரை அட்டை முந்தின நாளே தீர்ந்திருந்தது.

தீபிகா முதல்முறையாக அம்மாவை நேராகப் பார்த்தாள். கோபம் ஒன்றும் தெரியவில்லை. தூரத்தில் வருகிறவர் தெரிந்தவரா என்று பார்ப்பதுபோல ஒரு பார்வை.

"கேஸ் போடுங்க," என்றாள்.

நாங்கள் வெளியே வந்தோம். தீபிகா கதவைச் சாத்தினாள். அம்மா ஒவ்வொரு படியாக உட்கார்ந்து உட்கார்ந்து இறங்கினாள். அருள்தாஸ் கோட்டை உதறி மறுபடி மடித்துக்கொண்டு, போய்ட்டு வரேன் என்றுகூடச் சொல்லாமல் ஸ்கூட்டரை எடுத்தார்.

இருதயராஜ் கேட்டருகில் நின்றார். "அடுத்த சம்மனுக்கு நான் வரமாட்டேன்பா. வேற ஆள அனுப்பச் சொல்றேன்."

"சரி சார்."

"தப்பா நெனச்சுக்காத."

தெருவைத் தாண்டிப் போய் பைக்கை எடுத்து, திருப்பி, தெருமுனை திரும்பும்வரைக்கும் அவர் பால்கனிப் பக்கம் தலையை நிமிர்த்தவே இல்லை. நானும் நிமிரவில்லை.